நிர்வாணமே இல்லாத ‘பிளேபாய்’... ஆசிரியருக்கு ஏன் ஜெயில்?

‘பிளேபாய்’ என்றதும் ஞாபகத்துக்கு வருவது முயல் சின்னமும் நிர்வாணப் படங்களும்தான். ஆனால், 2006 ஏப்ரலில் இந்தோனேசியாவில் வெளியான ‘பிளேபாய்’ முதல் இதழில் ஒரு நிர்வாணப் படம்கூட இல்லை. அப்படியும் அதன் ஆசிரியர் எர்வின் அர்னாடா ஜெயிலுக்குப் போனார். ஏன்?

அப்படி என்னதான் இருந்தது?

கவர்ச்சி உடையில் மாடல்கள் இருந்தார்கள். கூடவே, சுகார்த்தோ ஆட்சியில் புரு தீவில் பல ஆண்டுகள் கைதியாக இருந்த எழுத்தாளர் பிரமூதியா அனந்த தூரின் பேட்டியும் இருந்தது. ஜகார்த்தா தெருக்களில் அப்போது விற்ற உள்ளூர் கவர்ச்சிப் பத்திரிகைகளோடு ஒப்பிட்டால், இது ரொம்பவே சாது.

பிரச்சினை எங்கே?

வந்த நேரமும், அட்டையில் இருந்த பெயரும்தான். 1998-ல் சுகார்த்தோ பதவி விலகினார். அடுத்த ஆண்டே புதிய பத்திரிகைச் சட்டம் வந்தது. அரசு அனுமதி இல்லாமலே பத்திரிகை நடத்தலாம் என்ற நிலை உருவானது. இன்னொரு பக்கம், 2006-ல் ஆபாசத் தடுப்பு மசோதா நாட்டையே இரண்டாகப் பிரித்திருந்தது. அந்தச் சூட்டில், அமெரிக்கக் கலாசாரத்தின் அடையாளமாகப் பார்க்கப்பட்ட ஒரு பெயர் சிக்கிக்கொண்டது.

முதல் இதழ் வந்த சில நாட்களிலேயே ‘இஸ்லாமியப் பாதுகாவலர் முன்னணி’ அமைப்பினர் அலுவலகக் கட்டடத்தின் மீது கல் எறிந்தார்கள். இந்துக்கள் பெரும்பான்மையாக வாழும் பாலி தீவுக்கு இடம் மாறியது ‘பிளேபாய்’. மிரட்டலால் விளம்பரதாரர்கள் ஒதுங்கினார்கள். ஜூனில் வந்த இரண்டாவது இதழில் விளம்பரப் பக்கங்கள் வெறுமையாகவே அச்சாகின. 2007-ல் இதழும் நின்றுபோனது.

கோர்ட் என்ன சொன்னது?

2007-ல் கீழ் நீதிமன்றம் அர்னாடாவை விடுவித்தது. உச்ச நீதிமன்றமோ அதை மாற்றி 2 ஆண்டு தண்டனை விதித்தது. 2010 அக்டோபரில் சிறைக்குப் போனவர், சீராய்வு மனுவில் ஜெயித்து 2011 ஜூனில் வெளியே வந்தார். ‘பத்திரிகை தொடர்பான வழக்கைப் பத்திரிகைச் சட்டத்தில்தான் விசாரிக்க வேண்டும்’ என்பதுதான் அவர் தரப்பு ஆரம்பத்தில் இருந்தே வைத்த வாதம். அதை ஏற்க இத்தனை வருஷம் ஆனது.

நமக்கு என்ன?

‘பிளேபாய்’க்கு வக்காலத்து வாங்குவது என் வேலை இல்லை. பெண்களைக் காட்சிப் பொருளாக்கி விற்ற பிராண்ட் என்ற விமர்சனம் நியாயமானது. பிடிக்கவில்லையா, வாங்காமல் இருக்கலாம். கிழிகிழி எனக் கிழித்து எழுதலாம். சட்டத்தை மீறியிருந்தால் கேஸ் போடலாம். கல் எறிவது இந்த லிஸ்ட்டிலேயே வராது.

உள்ளே என்ன இருக்கிறது என்று புரட்டிப் பார்க்காமல், அட்டையில் உள்ள பெயரை வைத்தே ஒரு கூட்டம் தீர்ப்பு எழுதினால், அடுத்து மாட்டப்போவது கவர்ச்சிப் பத்திரிகையாக மட்டும் இருக்காது. அதே இதழில் பேட்டி கொடுத்த பிரமூதியாவின் நாவல்களும் ஒரு காலத்தில் அந்த நாட்டில் தடை செய்யப்பட்டவைதான்.