ஆட்டம் எங்கே நடக்கிறது?

கொட்டாஞ்சேனைப் பிள்ளைகள் நடக்கத் தொடங்கியதுமே அறிந்துகொள்ளும் பொருள்களுள் உதைபந்தும் ஒன்று. ஜம்பட்டா வீதியை அண்டிய ஒழுங்கைகளிலே, இரு முனைகளிலும் இரண்டிரண்டு கற்களை வைத்துக் கோல் வாயில்களாக்கிக்கொண்டு, மாலை மங்கும்வரை பந்தை உதைத்து விளையாடும் சிறுவர்களை இன்றும் காணலாம். வாசலிலே நிற்கும் பாட்டிமார் முதல், கடையடைத்துவிட்டு வீடு திரும்பும் முதலாளிமார் வரை, அதனைச் சற்றே நின்று பார்க்காமற் செல்வோர் குறைவு. அச்சிறுவர்களிற் சிலர் வளர்ந்து கல்லூரி அணியிலே இடம்பெறுகிறார்கள். கல்லூரிச் சின்னம் பொறித்த சட்டையை அணிந்து, மத்தியஸ்தரின் விசில் ஒலிக்காகக் காத்து நிற்கிறார்கள். அப்பொழுது அவர்களைப் பார்த்து ஆரவாரிக்க வந்திருப்போரை விரல்விட்டு எண்ணிவிடலாம். ஒழுங்கையிலே ஆடியபோது இருந்த கூட்டம், மைதானத்திலே ஆடும்போது எங்கே போயிற்று?

மக்களுக்கு ஆர்வம் குன்றிவிட்டது என்று சிலர் சொல்லுவர். அது பொருந்தாது. உலகக் கிண்ணப் போட்டி வந்துவிட்டால், பிரேசில் நாட்டுக் கொடியும் ஆர்ஜென்ரீனா நாட்டுக் கொடியும் நம்மவர் வீடுகளிலே பறக்கின்றன. நள்ளிரவு கடந்தும் கண்விழித்துத் தொலைக்காட்சியின் முன் அமர்ந்திருக்கிறோம். எந்த நாடு, எத்தனை மணிக்கு, எந்த அலைவரிசையில் என்பதெல்லாம் சிறு பிள்ளைக்கும் மனப்பாடம். ஆனால், அடுத்த வீட்டுப் பிள்ளை நாளை எந்த மைதானத்திலே ஆடப்போகிறான் என்று கேட்டுப் பாருங்கள். விடை சொல்வாரைக் காண்பது அரிது. ஆர்வம் இருக்கிறது. செய்திதான் வந்து சேர்வதில்லை.

இந்தக் குறை கொட்டாஞ்சேனைக்கு வாய்த்திருப்பது வியப்புக்குரியது. புனித லூசியா பேராலயத்தின் அயலிலே, 1865ஆம் ஆண்டு முதல் கல்விப்பணி புரிந்துவரும் புனித பெனடிக்ற் கல்லூரி உதைபந்தாட்டத்துக்குப் பெயர் பெற்றது. வடக்கே சற்றுத் தூரத்தில் முகத்துவாரத்திலே டி லா சால் கல்லூரி இருக்கிறது. தெற்கே மருதானைக்குச் சென்றால் ஸாஹிராக் கல்லூரியும் புனித ஜோசப் கல்லூரியும் இருக்கின்றன. இவையெல்லாம் நல்ல உதைபந்தாட்ட வீரர்களைத் தந்த கலாசாலைகள். சிங்களப் பிள்ளையும் தமிழ்ப் பிள்ளையும் முஸ்லிம் பிள்ளையும் ஒரே பந்தைத் துரத்தி, ஒருவர் கோல் போட்டால் மற்றவர் ஓடிவந்து கட்டித் தழுவிக்கொள்ளும் காட்சியைக் காண இந்த ஆட்டங்களைவிடச் சிறந்த இடம் இந்நகரிலே அதிகமில்லை.

நிற்க. கிரிக்கெட் ஆட்டத்துக்கு இந்தத் தொல்லை ஏன் இல்லை என்பதையும் எண்ணிப் பார்த்தல் வேண்டும். றோயல் கல்லூரியும் புனித தோமையார் கல்லூரியும் 1880ஆம் ஆண்டு முதல் மோதிவரும் பெரும் போட்டி, பெரும்பாலும் மார்ச் மாதத்திலே நடைபெறுவது. யாழ்ப்பாணம் மத்திய கல்லூரிக்கும் பரியோவான் கல்லூரிக்கும் இடையே 1904ஆம் ஆண்டிலே தொடங்கிய ‘வடக்கின் பெரும் போர்’ என்னும் போட்டியும் மார்ச் மாதத்திலேயே பெரிதும் நடைபெறுகிறது. திகதி பல வாரங்களுக்கு முன்னரே தெரிந்துவிடும். எதிரணி எது என்பது பாட்டன் காலந்தொட்டே தெரியும். வெளிநாட்டிலே வாழும் பழைய மாணவர்கள் அதனைக் கணக்கிட்டு விமானச் சீட்டு வாங்குகிறார்கள். ஊரிலே வீட்டுக்கு வீடு அதுவே பேச்சு.

பாடசாலை உதைபந்தாட்டத்தின் அமைப்பு வேறு. அதன் போட்டிகளிலே பல, தோற்ற அணி உடனே விலகிவிடும் முறையில் நடப்பவை. 32 அணிகள் பங்குபற்றும் ஒரு போட்டியை எடுத்துக்கொள்ளுங்கள். ஒவ்வோர் ஆட்டத்திலும் ஓர் அணி விலகுவதால், எஞ்சும் ஒன்றைக் கண்டறிய 31 ஆட்டங்கள் தேவை. கிண்ணத்தைக் கைப்பற்றும் அணி ஐந்து முறை ஆடும். ஆனால், 16 அணிகளுக்கு முதல் ஆட்டமே கடைசி ஆட்டமாகிவிடும். அடுத்த சுற்றிலே யார் யாரோடு மோதுவது என்பது இந்தச் சுற்று முடிந்த பின்னரே தெரியவரும். அதன் பின்னர் மைதானம் கிடைக்க வேண்டும். மழை பொறுக்க வேண்டும். பரீட்சைகளுக்கும் இடம்விட வேண்டும். ஆகவே, அறிவித்தல் காலந்தாழ்ந்தே வருகிறது.

இதன் விளைவு வீடுகளிலே தெரிகிறது. மாலையிலே முழங்காலெல்லாம் சேறாக வந்து நிற்கும் மகனைப் பார்த்து, “ஆட்டம் இருக்கிறதென்று ஏன் சொல்லவில்லை?” என்று தாய் கேட்கிறார். “எனக்கே நேற்றுப் பின்னேரந்தான் சொன்னார்கள், அம்மா” என்கிறான் மகன். “வென்றீர்களா?” என்றால், தலையைக் குனிந்துகொள்கிறான். அவ்வாண்டு அவன் ஆடியிருக்கக்கூடிய ஒரே ஆட்டம் அதுவாகவே இருந்திருக்கலாம். அடுத்த ஆண்டு அவன் வயதெல்லையைத் தாண்டிவிட்டால், பெற்ற தாய் தன் பிள்ளை கல்லூரிக்காக ஆடியதைக் காணாமலே அவனுடைய பாடசாலைக் காலம் முடிந்துவிடும். கிரிக்கெட் ரசிகருக்கு அடுத்த மார்ச் உண்டு. உதைபந்தாட்ட வீரனின் தாய்க்கு அந்த உறுதி இல்லை.

ஆட்டங்கள் நடக்கும் இடங்களோ நமக்கு எட்டாதவை அல்ல. சில ஆட்டங்கள் கல்லூரிகளின் சொந்த மைதானங்களிலே நடைபெறும். கொழும்பு மாநகர முதல்வராகவும் அமைச்சராகவும் விளங்கிய வி. ஏ. சுகததாசவின் பெயரைத் தாங்கிய விளையாட்டரங்கு கொட்டாஞ்சேனையிலிருந்து நடந்து செல்லும் தூரத்திலேயே இருக்கிறது. ஏறத்தாழ 25,000 பேர் அமரக்கூடிய அந்த அரங்கிலேதான், 1995ஆம் ஆண்டு இலங்கை அணி இந்தியாவை 1 - 0 என்று வென்று தெற்காசியத் தங்கக் கிண்ணத்தைத் தனதாக்கிக்கொண்டது. கொம்பனித் தெருப் பக்கத்திலே சிற்றி லீக் மைதானம் உண்டு. கறுவாத்தோட்டத்திலே பழைய குதிரைப் பந்தயத் திடல் இன்று விளையாட்டு மைதானமாக விளங்குகிறது. இடம் முன்கூட்டியே தெரிந்தால், வேலைத்தலத்திலே அரை நாள் விடுமுறை கேட்டுக்கொண்டு போய்ச் சேர்ந்துவிடலாம். தெரியாதவருக்கோ, நடந்து போகும் தூரமும் நாநூறு மைல் தூரந்தான்.

அவ்வாறாயின் அறிந்துகொள்ளும் வழி யாது? முதலாவதாக, கல்லூரியின் உதைபந்தாட்டப் பொறுப்பாசிரியரை அறிந்து வைத்துக்கொள்ளல் வேண்டும். போட்டியை நடத்துவோரின் அறிவித்தல் முதலில் வந்து சேர்வது கல்லூரிக்கேயாகும். அவரிடம் மூன்று கேள்விகள் கேட்டால் போதும்: எந்த வயதுப் பிரிவு, எந்த மைதானம், எத்தனை மணி. வயதுப் பிரிவைக் கேளாது விட்டால் சங்கடம் உண்டாகும். ஒரே கல்லூரியின் இரண்டு அணிகள் ஒரே நாளில் இரண்டு மைதானங்களிலே ஆடுவதும் உண்டு. தம்பியின் ஆட்டத்தைப் பார்க்கச் சென்றவர் அண்ணன்மாரின் ஆட்டத்தைப் பார்த்துவிட்டு வரவேண்டியதாகிவிடும்.

இரண்டாவதாக, பழைய மாணவர் சங்கத்தாரின் முகநூல் பக்கத்தையும், பெற்றோரின் வட்ஸ்அப் குழுவையும் கவனித்து வருதல் நன்று. மூன்றாவதாக, ஆட்ட நாளன்று காலையிலே மறுபடியும் ஒருமுறை விசாரித்துக்கொள்ளல் வேண்டும். மே மாதம் முதல் செப்டெம்பர் வரை தென்மேற்குப் பருவக்காற்று மழை. ஒக்டோபர், நவம்பர் மாதங்களிலோ பிற்பகலிலே இடியுடன் கூடிய மழை. காலையில் வெயில் எறிக்கிறது என்று நம்பிப் புறப்பட்டவரை, வெள்ளம் நிறைந்த வெறும் மைதானம் வரவேற்றல் கொழும்பிலே புதுமையன்று.

தொலைக்காட்சியிலும் கைத்தொலைபேசியிலும் பார்க்க இயலாதா என்று மாணவர்கள் கேட்கலாம். ஓரளவுக்கு இயலும். பாடசாலைப் போட்டிகளிலே வாத்தியக் குழுவினர் முழக்கும் ‘பப்பரே’ இசையின் பெயரைத் தனக்குச் சூட்டிக்கொண்ட ‘த பப்பரே’ என்னும் இணையத்தளம், பாடசாலை விளையாட்டுகளை நேரடியாக ஒளிபரப்பிவருகிறது. தமிழிலும் விளையாட்டுச் செய்திகளை வெளியிடுகிறது. ஆயினும், றகர் ஆட்டத்துக்கும் கிரிக்கெட் ஆட்டத்துக்கும் கிடைக்கும் அளவு இடம் உதைபந்தாட்டத்தின் முதற் சுற்றுகளுக்குக் கிடைப்பதில்லை. அவ்வாறான ஆட்டங்களை, மைதான ஓரத்திலே நிற்கும் பழைய மாணவர் ஒருவர் தமது கைத்தொலைபேசி வழியாக ஒளிபரப்பினாலன்றித் தூரத்திலிருப்போர் காணல் இயலாது. கொழும்பிலே மாலை 4 மணிக்கு ஆட்டம் தொடங்குமாயின், கோடைகாலத்திலே ரொறன்ரோ நகரில் காலை 6.30, இலண்டனில் முற்பகல் 11.30. காலைத் தேநீரோடு தம் கல்லூரியின் ஆட்டத்தைக் காணக் காத்திருப்போருக்கு அந்த ஒரு கைத்தொலைபேசியே சாளரம்.

திரையிலே காட்டினால் மைதானம் வெறிச்சோடிவிடும் என்னும் அச்சம் புதியதன்று. அமெரிக்க நாட்டிலே, பந்தைக் கையில் ஏந்தி ஓடும் அவர்களுடைய வகையான ‘ஃபுட்போல்’ ஆட்டத்தைக் கல்லூரி அணிகள் ஆட, 1939ஆம் ஆண்டு செப்டெம்பர் 30ஆம் திகதி நியூயோர்க் நகரிலே அது முதன்முறையாகத் தொலைக்காட்சியில் ஒளிபரப்பப்பட்டது. பின்னர், நுழைவுச் சீட்டு விற்பனை குறைந்துவிடும் என்று அஞ்சி, கல்லூரிகளின் விளையாட்டுச் சங்கம் ஒளிபரப்பைப் பல்லாண்டு காலம் கட்டுப்படுத்தி வைத்திருந்தது. 1984ஆம் ஆண்டிலே அந்நாட்டு உயர்நீதிமன்றம் அக்கட்டுப்பாடு செல்லாது என்று தீர்ப்பளித்தது. இன்று அங்கே எந்த ஆட்டம் எந்த அலைவரிசையில் என்று தேடுவதே ரசிகர்களுக்கு ஒரு வேலையாகிவிட்டது. எனினும் மைதானங்கள் வெறிச்சோடவில்லை. ஓர் இலட்சத்துக்கும் மேற்பட்டோர் அமரும் அரங்குகளைச் சில பல்கலைக்கழகங்கள் வைத்திருக்கின்றன.

நமக்கு இன்னும் நெருங்கிய உதாரணம் ஜப்பான். அங்கே நூறாண்டுக்கு மேற்பட்ட வரலாறுடைய உயர்நிலைப் பாடசாலை உதைபந்தாட்டப் போட்டியிலே, நாட்டின் 47 மாகாணங்களிலிருந்தும் 48 அணிகள் கலந்துகொள்கின்றன. தலைநகரான தோக்கியோவுக்கு மட்டும் இரண்டு இடங்கள். டிசெம்பர் இறுதியிலே தொடங்கி ஜனவரியிலே முடிவுறும் என்பது எல்லோருக்கும் தெரியும். அதுவும் தோற்றவர் விலகும் போட்டிதான். ஆயினும், காலம் நிலையாக இருப்பதால் புத்தாண்டு விடுமுறையிலே குடும்பங்கள் அதனை எதிர்பார்த்திருக்கின்றன. காலம் தெரிந்தால் கூட்டம் வரும் என்பதற்கு வேறு சான்று வேண்டுமோ?

இங்கே மொழியின் தொல்லையும் ஒன்று உண்டு. அறிவித்தல் ஆங்கிலத்திலோ சிங்களத்திலோ மட்டும் வருமாயின், தமிழ் மட்டுமே வாசிக்கத் தெரிந்த தாய்க்கும் பாட்டிக்கும் அது குடத்திலிட்ட விளக்கேயாகும். இதனைத் தீர்க்கப் பெரும் பணம் தேவையில்லை. மாணவர் இருவர் முன்வந்து, மூன்று மொழிகளிலும் நான்கு வரிகள் எழுதி, கல்லூரி வாயிலிலும், கோவில், தேவாலய அறிவித்தற் பலகைகளிலும், மூலைத் தேநீர்க் கடையிலும் ஒட்டிவிட்டால் போதும். அழகிய கையெழுத்துடைய பிள்ளைகள் ஆட்டமறியாவிடினும் அணிக்குச் செய்யக்கூடிய தொண்டு இது.

வெள்ளவத்தையில் வாழும் அன்பர்களுக்கும் ஒரு வார்த்தை. அகில இலங்கைப் போட்டிகளுக்காக யாழ்ப்பாணம் புனித பத்திரிசியார் கல்லூரியோ, இளவாலை புனித ஹென்றியரசர் கல்லூரியோ, பட்டங்கள் பல வென்ற தெல்லிப்பழை மகாஜனாக் கல்லூரி மாணவியரோ கொழும்புக்கு வரும்போது, ஏறத்தாழ 400 கிலோமீற்றர் இரவுப் பயணம் செய்து வந்து இறங்குகிறார்கள். பெற்றோர் உடன் வருதல் எளிதன்று. அக்கல்லூரிகளின் பழைய மாணவர்கள் காலி வீதியின் இருமருங்கிலும் நிறைந்திருக்க, அப்பிள்ளைகள் வெறும் இருக்கைகளின் முன்னே ஆடுவது முறையாகுமா?

மைதானத்துக்குச் சென்றபின் நாம் கடைப்பிடிக்க வேண்டிய ஒழுங்கும் உண்டு. மத்தியஸ்தரை வைதல் கூடாது. பயிற்றுநர் ஒன்று சொல்ல, தந்தையார் எல்லைக் கோட்டிலே நின்று வேறொன்று கூவினால் பிள்ளை கலங்கிப்போவான். எதிரணியின் நல்ல கோலுக்கும் கைதட்டல் வேண்டும். தோற்று வரும் பிள்ளைகளுக்கோ இன்னும் சற்றுப் பலமாகத் தட்டல் வேண்டும். அவர்களுக்கு அவ்வாண்டு வேறு ஆட்டம் இல்லாமலும் போகலாம்.

உதைபந்தாட்டம் இடைவேளையோடு சேர்த்து இரண்டு மணி நேரத்துள் முடிந்துவிடும். பாடசாலைகளின் முதற் சுற்று ஆட்டங்கள் பலவற்றுக்கு நுழைவுச் சீட்டும் இல்லை. ஆகவே அன்பர்களே, இன்றிரவு உணவருந்தும் வேளையிலே உங்கள் பிள்ளையிடமோ, அயல்வீட்டுப் பிள்ளையிடமோ கேட்டுப் பாருங்கள்: “தம்பி, அடுத்த ஆட்டம் எங்கே, எத்தனை மணிக்கு?” அவனுக்குத் தெரியாவிட்டாலும் குற்றமில்லை, மறுநாட் காலையிலே பொறுப்பாசிரியரிடம் கேட்டுக்கொண்டு வருவான். அவ்வாறு கேட்பதற்கு வீட்டிலே ஒருவர் உண்டு என்பது அவன் நெஞ்சிலே நிற்கும்.