வான்வழி மந்திரமும் அமுதசுரபியும்

மணிமேகலையைப் பாடம் நடத்தும்போது நாம் வழக்கமாக ஒரு பிழை செய்கிறோம். ‘மந்திரம் கொடுத்த காதை’ வந்ததும் சற்றே கூச்சம் தட்டுகிறது. பெண்ணொருத்தி வானில் பறந்தாள் என்பதை எப்படி விளக்குவது? ‘இயற்கை இறந்த நிகழ்ச்சிகள்’ என்று தலைப்பிட்டு மூன்று வரி எழுதச் சொல்லிவிட்டு அடுத்த காதைக்குத் தாவிவிடுகிறோம். இத்தனைக்கும் எதிரே அமர்ந்திருக்கும் மாணவர்கள் ஹாரி பாட்டரைக் கரைத்துக் குடித்தவர்கள். மந்திரப் பொடியைத் தூவி, கணப்புத் தீக்குள் நுழைந்து, வேறோர் ஊரில் வெளிப்படும் வித்தையை அவர்கள் ஏற்கத் தயங்குவதில்லை. கூச்சம் நம்முடையதே, அவர்களுடையதன்று.

சாத்தனாரின் வான்வழி மந்திரத்தை அலங்காரப் புனைவு என்று ஒதுக்குவது காப்பியத்தின் நடுத்தூணைப் பிடுங்குவதற்கு ஒப்பாகும் என்பது நம் கருத்து. காரணங்களைப் பார்ப்போம்.

மணிமேகலையின் முதல் வான்பயணம் அவள் விரும்பி மேற்கொண்டதன்று. உதயகுமரனின் வேட்கையிலிருந்து அவளைக் காக்க எண்ணிய மணிமேகலா தெய்வம், அவள் உறங்கும்போது தழுவி எடுத்து, தெற்கே முப்பது யோசனைத் தொலைவிலுள்ள மணிபல்லவத் தீவில் வைத்துவிட்டு அகல்கிறது. விழித்தெழுந்தவள் யாருமற்ற கடற்கரையில் நின்று கதறுகிறாள். தொலைவைக் கடத்தல் இங்கே வியப்பாகவன்று, துயராகவே காட்டப்படுகிறது. பீடிகையைக் கண்டு பழம்பிறப்பை உணர்ந்த பிறகுதான் வேற்றுரு எய்தும் மந்திரமும் வானில் இயங்கும் மந்திரமும் அவளுக்கு அருளப்படுகின்றன. தூக்கிச் செல்லப்பட்டவள் தானே செல்பவளாகிறாள். இளம்பெண் என்று கருதிச் சமயக் கணக்கர் தம் கொள்கைகளை உரைக்க மாட்டார்கள் என்பதே தெய்வம் சொல்லும் காரணம். ஆக, இம்மந்திரம் ஒரு பெண் கல்வி பெறுவதற்கான வழிச்செலவு.

அதன்பின் வரும் சிறு நிகழ்ச்சியை நாம் பலமுறை கவனியாமல் கடந்திருக்கிறோம். வானில் எழுந்த தெய்வம், ஒன்றை மறந்துவிட்டதாகச் சொல்லி மீண்டும் கீழிறங்குகிறது. மனித உடல் உணவால் ஆனது என்று நினைவூட்டிப் பசி நீக்கும் மூன்றாம் மந்திரத்தையும் தருகிறது. பறக்கும் தெய்வத்துக்குப் பசி நினைவில் இல்லை. திரும்பி வந்துதான் சொல்ல வேண்டியிருக்கிறது. சாத்தனார் இதைக் காரணமின்றி எழுதியிருப்பார் என்று நம்மால் நம்ப இயலவில்லை.

ஏனெனில் இதே முடிச்சு காயசண்டிகை கதையிலும் வருகிறது. வான்வழியே பொதிகைக்கு வந்த விஞ்சை மகள் அவள். விருச்சிக முனிவனுக்குரிய நாவற்கனியைக் காலால் சிதைத்ததற்காகப் பன்னிரண்டு ஆண்டு தீராப் பசிக்கு ஆளாகிறாள். கணவன் காஞ்சனன் வானில் எழுமாறு அழைக்கும்போது, மந்திரத்தை மறந்துவிட்டதாக அவள் சொல்கிறாள். பசி வந்திடப் பத்தும் பறந்துபோகும் என்பார்கள். இவளிடமோ பறக்கும் ஆற்றலே பறந்துபோகிறது. மணிமேகலையின் கையால் உண்டு பசி தீர்ந்த பின்பு மீண்டும் வானில் எழுகிறாள். ஆயினும் ஊர் சேரவில்லை. விந்தமலைக்கு மேலே பறப்பவரை நிழலைப் பற்றி இழுத்து வயிற்றிலிடும் விந்தாகடிகைக்கு இரையாகிறாள். வானுக்கும் செல்லும் வழி, செல்லாத வழி என்று உண்டு. புனைவு மந்திரத்துக்கு விலையும் வரம்பும் வைக்க வேண்டும் என்பதை நம் பழம்புலவர் யாரும் கற்பிக்காமலே அறிந்திருந்தார்.

இனி ஆபுத்திரன். அள்ள அள்ளக் குறையாத அமுதசுரபி அவன் கையில் இருந்தது. வான்வழி மந்திரம் இல்லை. மழை வளத்தால் பாண்டிநாட்டில் இரப்பாரே இல்லாது போக, பஞ்சம் பட்ட சாவகத்தை நாடிக் கப்பலேறினான். காற்றின் காரணமாகக் கப்பல் மணிபல்லவத்தில் தங்கியது; அவன் இறங்கினான். அவன் ஏறிவிட்டதாக எண்ணிக் கப்பல் புறப்பட்டுவிட்டது. உண்பார் ஒருவரும் இல்லாத தீவில், உலகையே ஊட்டவல்ல பாத்திரத்தோடு அவன் தனித்து நின்றான். பாத்திரத்தைக் கோமுகிப் பொய்கையில் விட்டு, உண்ணாதிருந்து உயிர் நீத்தான். உணவு இல்லாமலன்று, உணவும் பசியும் சந்திக்க வழி இல்லாமல் நேர்ந்த சாவு அது.

அவன் விட்ட பாத்திரம் மணிமேகலையின் கைக்கு வரும்போது அவளிடம் மந்திரமும் இருக்கிறது. காஞ்சியில் பஞ்சம் என்று கேள்வியுற்றதும் வான்வழியே சென்று அங்குள்ளோர் பசியைத் தீர்க்கிறாள். சாவகத்துக்குப் போய்ச்சேராத ஆபுத்திரனின் பயணம் காஞ்சியில் நிறைவுறுகிறது எனலாம். மந்திரத்தை நீக்கிவிட்டால் இந்த நிறைவு ஏது?

மந்திரம் பயன்படாமல் நின்ற ஓர் இடமே நம்மை மிகவும் உலுக்குகிறது. மகன் உதயகுமரனை இழந்த அரசி, மணிமேகலையைச் சிறைவைத்துப் பல வகையிலும் வருத்துகிறாள், பட்டினியும் போடுகிறாள். கதவோ காவலோ தடுக்க முடியாதவள், அங்கேயே இருக்கிறாள். பசி நீக்கும் மந்திரத்தால் பிழைத்ததாகவும், வான்வழிச் செல்லத் தான் நினைக்கவில்லை என்றும் பின்னர் அரசியிடம் அவளே சொல்கிறாள். அரசி முற்பிறவியில் தன் கணவனைப் பெற்றவள். அவள் துயரைக் களைய வேண்டும் என்பதே காரணம். போக வல்லவள் போகாதிருந்தாள். துன்புறுத்துபவளின் துன்பம் தீரும்வரை அருகிலிருந்தாள்.

இன்று நம் குரலும் படமும் நொடியில் கடல் கடக்கின்றன. விரும்பிய பொருள் வாசலுக்கு வருகிறது. முற்காலத்தார் கண்டால் மந்திரம் என்றே சொல்வார்கள். எனினும் உணவு ஓரிடத்திலும் பசி வேறிடத்திலுமாக இருக்கும் நிலை நீங்கவில்லை. எவ்வளவு விரைவாகச் செல்கிறோம் என்பதன்று சாத்தனாரின் கேள்வி. எதை எடுத்துக்கொண்டு, யாரிடம் செல்கிறோம், யாரை விட்டுச் செல்ல மறுக்கிறோம் என்பதே.

இனி ‘மந்திரம் கொடுத்த காதை’யை மூன்று வரியில் முடிக்கப் போவதில்லை. முழு வகுப்பு ஒன்றை அதற்கென ஒதுக்குவதாக இருக்கிறோம்.