கூப்பிட்டால் வருவதற்கு ஷாக்கா?



நம்மில் மூன்று வீடுகளில் நாய்க்கு ஷாக் பட்டை மாட்டியிருக்கிறீர்கள். போட்டோவும் போட்டு, "இப்போ கூப்பிட்ட உடனே வர்றான் சார்" என்று பெருமைப்படுகிறீர்கள். பெயர் சொல்லவில்லை, உங்களுக்கே தெரியும். கோபத்தோடுதான் எழுதுகிறேன். முழுக்கப் படித்துவிட்டுத் திட்டுங்கள்.

அந்தப் பட்டையின் உள்பக்கம் இரண்டு உலோக முனைகள் இருக்கும். அவை கழுத்துத் தோலில் அழுந்த வேண்டும். தளர்வாக இருந்தால் வேலை செய்யாது. மணிக்கணக்கில் கழற்றாமல் விட்டால் அந்த இடம் புண்ணாகும். விற்கிறவர் ஷாக் என்று சொல்ல மாட்டார், 'ஸ்டிமுலேஷன்' என்பார். வலிக்காதாம். வலிக்காத ஒன்றுக்காகத் துரத்திப் போகும் பூனையை விட்டுவிட்டு நாய் ஏன் திரும்ப வேண்டும்? ஷாக்கால் திரும்புகிறது என்றால், அது தாங்க முடியாததாக இருப்பதால்தான் திரும்புகிறது. இரண்டையும் சேர்த்துச் சொல்லாதீர்கள்.

ரிமோட் உங்கள் பாக்கெட்டில் இருக்கிறது. வலி எங்கிருந்து வந்தது என்று நாய்க்கு எப்படித் தெரியும்? அந்த நொடியில் எதிரே சைக்கிளில் ஒரு பையன் போனால், அவனால்தான் வலித்தது என்று அது நினைத்துக்கொள்ளலாம். அடுத்த முறை அவனைப் பார்த்தால் உறுமும். அப்புறம் "நல்ல நாய்தான் சார், ஏனோ கடிச்சிடுச்சு" என்பீர்கள்.

"சிப்பிப்பாறை சார், ஓட ஆரம்பிச்சா காது கேக்காது, ரோட்ல அடிபட்டுச் சாவதைவிட இது மேல்" என்று ஒருவர் கேட்டார். நியாயமான பயம்தான். வேட்டைக்கென்றே வளர்த்த இனம், ஓடத்தான் செய்யும். ஆனால் இங்கிலாந்தின் லிங்கன் பல்கலைக்கழகத்தார் இதையே சோதித்து 2020இல் வெளியிட்டார்கள். கூப்பிட்டால் வராதது போன்ற தொல்லை இருந்த 63 நாய்கள், மூன்று குழுக்கள். பட்டை போட்ட குழுவுக்குப் பயிற்சி தந்தவர்கள் பட்டைத் தயாரிப்பாளர்கள் தரப்பே பரிந்துரைத்த அனுபவசாலிகள். அப்படியும், தின்பண்டமும் பாராட்டும் கொடுத்துப் பழக்கிய நாய்களை அவர்களால் மிஞ்ச முடியவில்லை. வேல்ஸ் நாடு இந்தப் பட்டையை 2010லேயே தடை செய்துவிட்டது.

பிரம்பு இல்லாமல் வகுப்பு நடக்காது என்று ஆசிரியர் அறையிலும் பேசினார்கள். 2009 கல்வி உரிமைச் சட்டம் அடியைத் தடை செய்தது. பிள்ளைகள் படிக்காமலா போனார்கள்? இதைப் படிக்கிற உங்களில் பலருக்கு இப்போது பள்ளி செல்லும் பிள்ளைகள் இருக்கிறார்கள். அவர்களை ஆசிரியர் கிள்ளினாலே மறுநாள் பள்ளி வாசலில் நிற்பீர்கள். (நிற்கவும் வேண்டும்.)

நம் பாட்டிமார் "தோ, தோ" என்றால் தெருக்கோடியில் இருக்கும் நாய் ஓடி வரும். வந்தால் சோறு கிடைக்கும், அவ்வளவுதான் பயிற்சி. நீங்கள் எதற்குக் கூப்பிடுகிறீர்கள்? குளிப்பாட்ட, ஊசி போட, விளையாட்டை நிறுத்திச் சங்கிலியில் கட்ட. நானாக இருந்தாலும் வர மாட்டேன்.

பத்து மீட்டர் கயிறு வாங்குங்கள். கழுத்தில் வேண்டாம், மார்புப் பட்டையில் கட்டுங்கள். முதலில் வீட்டுக்குள், பிறகு மொட்டை மாடி, பிறகு மைதானம். ஒரே ஒரு முறை கூப்பிடுங்கள். வந்தால் ஒரு துண்டு வேகவைத்த கோழிக்கறி கொடுத்துவிட்டு மறுபடி விளையாட விடுங்கள். தாமதமாக வந்தாலும் அதட்டாதீர்கள். பூனை எதிரே வந்தாலும் திரும்பி வருகிற வரை, வாரக்கணக்கோ மாதக்கணக்கோ, ரோட்டுப் பக்கம் கயிறு கையை விட்டுப் போகக் கூடாது.

அந்த மூன்று வீட்டுக்காரர்களும் இன்று மாலையே பட்டையைக் கழற்றிவிட்டு எனக்குப் போன் செய்யுங்கள். கயிற்றுக்கு ஆகும் காசை நான் தருகிறேன்.