‘புலம்பெயர்ந்தோர்’ என்னும் சொல்லுக்கு வெளியே நிற்பவர்கள்

மே 18 என்னும் நாளை டொராண்டோவிலும் லண்டனிலும் இரு மக்கள் இருவேறு விதமாக நினைவுகொள்கின்றனர். ஈழத்தமிழர் முள்ளிவாய்க்காலில் மாண்டோருக்கு விளக்கேற்றுகின்றனர். சோமாலிலாந்தைச் சேர்ந்தோர், 1991இல் அதே நாளில் தங்கள் நிலம் தனியாட்சி அறிவித்ததைக் கொடியேற்றிக் கொண்டாடுகின்றனர். 1980களின் பிற்பகுதியிலும் 1990களிலும், ஏறத்தாழ ஒரே காலத்தில், டொராண்டோவுக்கு வந்து சேர்ந்த சமூகங்கள் இவை. ஒன்று ஸ்கார்பரோவில் வேரூன்றியது. மற்றது எடோபிகோவின் டிக்சன் சாலையை ஒட்டிக் குடியேறியது. கருத்தரங்க நிகழ்ச்சி நிரல்களில் சோமாலியாவும் ஈழமும் ஒரே அமர்வில் சேர்த்து வைக்கப்படுவது இதனால்தான் போலும். உள்நாட்டுப் போர், அயலார் தலையீடு, வெளிநாட்டிலிருந்து வரும் பணம் என்னும் மூன்று தலைப்புகளின் கீழ் இரண்டையும் அடுக்கிவிட்டு அமர்வு கலைந்துவிடுகிறது.

இவ்வொப்பீட்டின் முதற்படியே சறுக்குகிறது. சோமாலியாவில் 1991 ஜனவரியில் சியாத் பாரேயின் வீழ்ச்சியோடு மைய அரசு என்பதே இல்லாமற்போனது. இலங்கையில் நேர்ந்தது அதற்கு நேர்மாறு. அரசு ஒருநாளும் சரியவில்லை. போர் நடந்த காலத்திலேயே தேர்தல் நடத்தியது, புலிகளின் கட்டுப்பாட்டிலிருந்த வன்னிக்கும் அரச ஊழியர்களையும் சம்பளத்தையும் அனுப்பிக்கொண்டிருந்தது. ஓரிடத்தில் அரசு இல்லாமை துன்பம் தந்தது. மற்றோரிடத்தில் அரசின் இருப்பே துன்பம் தந்தது. இரண்டையும் ‘மோதல்’ என்னும் ஒரே சொல்லால் மூடுவது ஆய்வுக்கு வசதியானது, அவ்வளவே.

மொழியியல் பயின்றோர் இவ்விடத்தில் இன்னும் சற்று நின்று நோக்க வேண்டும். இலங்கையில் 1956ஆம் ஆண்டின் தனிச்சிங்களச் சட்டம் பிளவின் மூலங்களுள் ஒன்று என்பது பாடநூற் செய்தி. அதிலிருந்து, மொழி ஒன்றாயிருந்தால் நாடு ஒன்றாயிருக்கும் என்று எளிதாக முடிவு கட்டிவிடுவோர் உளர். சோமாலியா அம்முடிவுக்கு எதிரான சான்று. ஒரே மொழி, ஒரே மதம். ஆப்பிரிக்காவில் தேசிய அரசுக்கு இதைவிடப் பொருத்தமான நிலம் இல்லை என்று ஒருகாலத்தில் எழுதப்பட்டது. 1972 அக்டோபரில் இலத்தீன் எழுத்து சோமாலி மொழியின் அதிகாரபூர்வ வடிவமாயிற்று. 1974இல் மாணவர்களும் ஆசிரியர்களும் நாட்டுப்புறங்களுக்குச் சென்று எழுத்தறிவித்தனர். மொழித் திட்டமிடலின் அரிய வெற்றி அது. அதனை நிகழ்த்திய அதே ஆட்சிதான் 1988இல் ஹர்கெய்சா நகரின் மீது குண்டு பொழிந்தது. அந்த ‘ஒரே மொழி’யும் முழு உண்மையன்று. தெற்கே பைதோவாவைச் சுற்றி வழங்கும் மாய், பொதுவழக்கினின்றும் வெகுவாக விலகியது. 2004இன் இடைக்காலக் கூட்டாட்சிச் சாசனமும், பின்னர் 2012இன் இடைக்கால அரசியலமைப்பும் மாய், மஹாதிரி இரண்டையும் பெயர் சொல்லி ஏற்றுக்கொண்டன. அதற்கு நாடு பத்தாண்டுக்கும் மேலாகச் சிதைந்து கிடக்க வேண்டியிருந்தது.

அயலார் தலையீட்டுக்கு வரலாம். இதைப் பேசப் பெங்களூரிலிருந்து வெகுதொலைவு செல்ல வேண்டியதில்லை. 1986 நவம்பர் 16, 17 நாட்களில் சார்க் அமைப்பின் இரண்டாவது உச்சிமாநாடு இந்நகரில்தான் நடந்தது. ஜயவர்த்தனாவும் ராஜீவ் காந்தியும் இங்கே சந்தித்தனர். பிரபாகரனும் பாலசிங்கமும் சென்னையிலிருந்து அழைத்துவரப்பட்டனர்; எம்.ஜி.ஆரும் வந்தார். கிழக்கு மாகாணத்தை மூன்றாகப் பகுக்கும் யோசனை அவர்கள்முன் வைக்கப்பட்டது, புலிகள் ஏற்கவில்லை. சில நாட்களுக்கு முன்புதான் தமிழ்நாட்டில் போராளிகளின் ஆயுதங்களைக் காவல்துறை பறிமுதல் செய்திருந்தது. எட்டு மாதங்கள் கழித்து, 1987 ஜூலை 29 அன்று கொழும்பில் கையெழுத்தான ஒப்பந்தத்தில் ஈழத்தமிழர் எவரும் கையெழுத்திடவில்லை. திருகோணமலையையும் மட்டக்களப்பையும் எப்படி வெட்டுவது என்ற பேச்சு கர்நாடகத் தலைநகரில் நடந்தது என்பது இன்று இந்நகரத்து மாணவர்களுக்குச் செய்தியாகவே இருக்கும்.

புரவலன் பகைவனாவது இரு நிலங்களுக்கும் பொது. சோமாலிப் படையைப் பயிற்றிய சோவியத் ஒன்றியம் 1977இல் ஒகாடென் போரில் எத்தியோப்பியாவின் பக்கம் சென்றது. அதன்பின் அமெரிக்கா பாரேயைத் தாங்கிப் பிடித்தது. 1983க்குப் பின் தமிழ் இளைஞர்களுக்கு ஆயுதப் பயிற்சி தந்த இந்தியா, 1987 அக்டோபரில் அவர்களோடு போரிட்டது. யாழ்ப்பாண மருத்துவமனையும் வல்வெட்டித்துறையும் அப்போரில் கண்டவை மறக்கத்தக்கன அல்ல. 1,100க்கும் மேற்பட்ட இந்தியப் படையினரும் அங்கே மாண்டனர் என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும். 1990 மார்ச்சில் மீண்ட அதே இராணுவம், 1993இல் ஐ.நா. கொடியின் கீழ் சோமாலியாவுக்குச் சென்று பைதோவாப் பகுதியில் பணியாற்றியது. இரண்டுக்கும் தமிழ் நாளிதழ்கள் வைத்த பெயர் ‘அமைதிப்படை’.

ஆனால் யாழ்ப்பாணத்துப் பேச்சு அப்பெயரை ஏற்கவில்லை. அங்கே அது ‘இந்தியன் ஆமி’. அந்த ஆண்டுகள் ‘இந்தியன் ஆமிக் காலம்’. மொகதிசுவில் 1993 அக்டோபர் 3 அன்று அமெரிக்க ஹெலிகாப்டர்கள் வீழ்த்தப்பட்ட சண்டையைச் சோமாலியர் ‘ரேஞ்சர்களின் நாள்’ என்பர். அதில் இறந்த 18 அமெரிக்க வீரர்களைப் பற்றி ஹாலிவுட் படமெடுத்தது. அன்று இறந்த நூற்றுக்கணக்கான சோமாலியரின் பெயர்களை எவரும் தொகுத்ததாகத் தெரியவில்லை. வந்தவன் தனக்குச் சூட்டிக்கொண்ட பெயரை விடுத்து, ஒரு காலத்தை வந்தவனின் பெயராலேயே சுட்டும் இவ்வழக்கு இரு மொழிகளிலும் தற்செயலாய் அமைந்ததன்று.

பணத்தைப் பற்றிச் சுருக்கமாகச் சொன்னாற் போதும். 2001 நவம்பரில் சோமாலியரின் மிகப்பெரிய பணப்பரிமாற்ற நிறுவனமான அல் பரகாத்தை அமெரிக்கா முடக்கியது. பின்னர் 9/11 ஆணையத்தின் ஆய்வில் அக்குற்றச்சாட்டுக்கு வலுவான சான்று கிட்டவில்லை. இடையில் அடுப்பு எரியாத வீடுகளுக்கு எவரும் இழப்பீடு தரவில்லை. ஈழத்தமிழர் பணத்தின் கதை இத்தனை நேரானதன்று. வெளிநாட்டு உழைப்பே போருக்குப் பிந்திய வடக்கைத் தாங்கிற்று என்பது உண்மை. டொராண்டோவிலும் லண்டனிலும் குடும்பங்களை அச்சுறுத்திப் புலிகளுக்குப் பணம் திரட்டப்பட்டதை ஹியூமன் ரைட்ஸ் வாட்ச் 2006இல் பதிவு செய்ததும் உண்மை. முதலாவதைப் போற்றுவோர் இரண்டாவதைக் கேட்டதும் முகம் சுளிப்பது ஆய்வாளருக்கு அழகன்று.

இவை அனைத்தினும் கூர்ந்து பார்க்க வேண்டியது ‘புலம்பெயர்ந்தோர்’ என்னும் சொல்லை. பட்டினப்பாலையில் இத்தொடர், பிற நாடுகளிலிருந்து வந்து புகாரில் கலந்து வாழ்ந்த மாந்தரைக் குறிக்கிறது. அங்கே அது வந்தோரின் பெயர். இன்று சென்றோரின் பெயர். 1980களில் ‘புகலிட இலக்கியம்’ என்ற வழக்கும் உடனிருந்தது. நாளடைவில் ‘புலம்பெயர்’ வென்றது. வென்றதோடு தன் பொருளையும் சுருக்கிக்கொண்டது. இன்றைய தமிழ் ஆய்வெழுத்தில் புலம்பெயர் தமிழர் என்றால் டொராண்டோ, லண்டன், பாரிஸ், ஓஸ்லோ. மண்டபத்திலும் கும்மிடிப்பூண்டியிலும் நாற்பதாண்டுகளாக முகாமில் இருப்போர் அச்சொல்லுக்குள் வருவதில்லை. அவர்களுக்குரிய சொல் ‘அகதி’, கதியற்றவர். கடல் கடந்தவர் இருவருமே. ஒருவர் விமானத்தில் சென்று குடியுரிமை பெற்றார். மற்றவர் தலைமன்னாரிலிருந்து படகில் வந்து பதிவேட்டில் ஏறினார்.

சோமாலியிலும் இதே பிளவு உண்டு. மேற்குலகில் வாழ்ந்து கடவுச்சீட்டோடு திரும்பி அமைச்சராகவோ வணிகராகவோ ஆகிறவர் ‘குர்பஜோக்’. கென்யாவின் தாதாப் முகாமில் 1991 முதல் இருப்பவர் ‘கஹோத்தி’, அதாவது அகதி. அம்முகாமில் பிறந்த வேறொரு சொல்லும் உண்டு: ‘பூஃபிஸ்’. வேறு நாட்டில் குடியமர்த்தப்பட வேண்டும் என்ற தீராத ஏக்கமும், அது கைகூடாமையால் வரும் மனச்சிதைவும் அதன் பொருள். தாதாபில் களப்பணி செய்த சிண்டி ஹோர்ஸ்ட் அதை விரிவாக ஆராய்ந்துள்ளார். தமிழக முகாம்களின் பேச்சில் இதற்கிணையான சொல் ஏதும் விளைந்துள்ளதா என்று தேடும் ஆய்வேடு ஏன் இன்னும் பரவலாகப் பேசப்படவில்லை?

முகாம்வாசிகளில் கணிசமானோர் மலையகத் தமிழர் என்பது இச்சிக்கலை இன்னும் ஆழமாக்குகிறது. அவர்களின் முன்னோர் தமிழ்நாட்டிலிருந்து தேயிலைத் தோட்டங்களுக்குச் சென்றனர். 1948ஆம் ஆண்டுச் சட்டம் அவர்களை நாடற்றோராக்கியது. 1964இன் சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் அவர்களைத் தலைக்கணக்கில் இரு நாடுகளுக்கும் பங்கிட்டது. 1977இன் வன்முறைக்குப் பின் பல குடும்பங்கள் மலையிறங்கி வவுனியா, கிளிநொச்சிப் பக்கம் சென்றன. அங்கிருந்து போர் அவர்களை மண்டபத்துக்குத் தள்ளிற்று. மூன்று தலைமுறைக்குள் மூன்று முறை நிலம் பெயர்ந்து, முதலில் புறப்பட்ட கரைக்கே அயலாராக வந்து சேர்ந்தனர். ‘புலம்பெயர்ந்தோர்’ என்னும் சொல் வேறு எவருக்கு இத்தனை பொருந்தும்?

2021ஆம் ஆண்டுக் கணக்கில் தமிழகத்தின் 108 முகாம்களில் ஏறத்தாழ 58,800 பேர்; முகாமுக்கு வெளியே பதிவு செய்து வாழ்வோர் ஏறத்தாழ 34,000 பேர். அவ்வாண்டு மாநில அரசு அகதிகள் முகாம் என்னும் பெயரை ‘இலங்கைத் தமிழர் மறுவாழ்வு முகாம்’ என்று மாற்றியது. பெயர் மாறியது நன்றே; வீடுகளும் கட்டப்பட்டன. ஆயினும் 1951இன் அகதிகள் உடன்படிக்கையில் இந்தியா கையெழுத்திடவில்லை. 2019இன் குடியுரிமைத் திருத்தத்தில் இலங்கை இடம்பெறவில்லை. 1987 ஜூலை 1க்கு முன் இந்திய மண்ணில் பிறந்தவர் பிறப்பாலேயே குடிமகன் என்பது சட்டம். முகாமில் பிறந்த ஒருவர் அதைத் தமக்கும் பொருத்திப் பெறுவதற்கு 2022இல் உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையை நாட வேண்டியிருந்தது. 2025 செப்டம்பரில் ஒன்றிய அரசு, 2015 ஜனவரி 9 வரை வந்து பதிவு செய்தோருக்குச் சட்டத்தின் தண்டனைப் பிரிவுகளிலிருந்து விலக்களித்தது. அவர்கள் இனிக் குற்றவாளிகள் அல்லர், குடிமக்களும் அல்லர்.

இதைக் கேட்போர் ஒரு மறுப்பு சொல்லக்கூடும்: சொல்லை மாற்றினால் சட்டம் மாறுமா? மாறாது. ஆனால் எவர் ஆய்வுப் பொருளாகிறார், எவருக்கு நிதி ஒதுக்கப்படுகிறது, எவருடைய குரல் ஜெனீவாவில் ஈழத்தின் குரலாக ஒலிக்கிறது என்பவற்றைச் சொல்லே தீர்மானிக்கிறது. அடுகோடியின் தமிழ்க் குடும்பங்களை எவரும் புலம்பெயர்ந்தோர் என்பதில்லை. 1991 டிசம்பரில் காவிரிக் கலவரத்தின்போது இந்நகரத் தமிழர் பல்லாயிரவர் உயிருக்கு அஞ்சி எல்லை தாண்டியபோதும் அச்சொல் அவர்களுக்கு வழங்கப்படவில்லை. ஏழை நகர்ந்தால் அது வேலை தேடல், அல்லது தஞ்சம். வசதி வாய்த்தவன் நகர்ந்தால் அது புலம்பெயர்வு. இச்சொல்லின் இன்றைய இலக்கணம் இதுதான்.

முகாமுக்குள் களப்பணி செய்ய அரசின் அனுமதி வேண்டும். அது எளிதிற் கிடைப்பதில்லை என்பது மெய். டொராண்டோவுக்கும் விசா வேண்டும். அதற்கு விண்ணப்பிப்போர் தயங்குவதில்லை. அடுகோடி வழியே செல்லும் ஓசூர் சாலையில் தெற்கே இரண்டு மூன்று மணி நேரம் பேருந்தில் சென்றால், கிருஷ்ணகிரி மாவட்டத்து முகாம்கள் வந்துவிடும்.