நிக்கோபாரின் காசநோய்க்கு முனைப்பு இயக்கங்கள் போதாது: எங்கள் நிலைப்பாடு

அந்தமான் நிக்கோபார் தீவுகளில் பொதுச் சுகாதாரத்துக்காகப் பணிசெய்யும் நாங்கள், காசநோய் ஒழிப்பு குறித்த எங்கள் நிலைப்பாட்டைத் தீவு நிர்வாகத்தின் முன்னும் பொதுமக்கள் முன்னும் வைக்கிறோம். குறித்த நாட்களுக்குள் நடந்து முடியும் முனைப்பு இயக்கங்களால் இந்தத் தீவுகளில் காசநோய் ஒழியுமா? ஒழியாது என்பதே எங்கள் உறுதியான கருத்து. மக்கள் வாழும் தீவுகளில் பரிசோதனையும் மருந்தும் உணவும் ஆண்டு முழுவதும் கிடைக்க வேண்டும். கார் நிக்கோபாரின் அனுபவம் எங்களை இந்த முடிவுக்குக் கொண்டுவந்தது.

கார் நிக்கோபார் தந்த பாடம்

1986இல் கார் நிக்கோபாரில் காசநோய்க்கு எதிராகத் தீவிரத் திட்டம் ஒன்று நடந்தது. அது முடிந்தபின் தேசியக் காசநோய்த் திட்டத்தின் வழக்கமான பணிகள் மட்டுமே தொடர்ந்தன. பதினைந்து ஆண்டுகள் கழித்து, 2001-02இல், போர்ட் பிளேரில் உள்ள இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகத்தின் வட்டார மையம் அதே தீவில் மீண்டும் ஆய்வு செய்தது. 15 வயதும் அதற்கு மேலும் ஆன 10,570 பேரில் 77 பேரின் சளியில் கிருமி இருந்தது. லட்சம் பேருக்கு 728 பேர் என்ற கணக்கு இது. 14 வயது வரையிலான, பி.சி.ஜி. தடுப்பூசித் தழும்பு இல்லாத குழந்தைகளில் 16.4 விழுக்காட்டினருக்கு ஏற்கெனவே தொற்று இருந்தது. நோயாளிகளின் விகிதமும் தொற்றின் விகிதமும் 1986இல் இருந்ததைவிடக் கூடியிருந்தன. 2004இல் உலக சுகாதார நிறுவனத்தின் ஆய்விதழில் இந்த முடிவுகள் வெளியாயின.

இப்படி நேர்ந்ததற்குக் காசநோயின் இயல்பும் ஒரு காரணம் என்று கருதுகிறோம். கிருமி உடலுக்குள் பல ஆண்டுகள் அடங்கிக் கிடக்கும். உடல் தளரும்போது நோயாக வெளிப்படும். சாதாரண நுரையீரல் காசநோய்க்கே ஆறு மாத மருந்து தேவை. பாதியில் நிறுத்தினால் மருந்துக்குக் கட்டுப்படாத கிருமி உருவாகக்கூடும், அது வீட்டிலுள்ளவர்களுக்கும் பரவக்கூடும். முகாம் போட்டு நோயாளிகளைக் கண்டுபிடிக்கும் குழு ஊர் திரும்பிவிடுகிறது. அடுத்த ஆண்டு இருமத் தொடங்குபவர் யாரிடம் போவார்?

2024 டிசம்பரில் நாட்டின் 347 மாவட்டங்களில் தொடங்கிய நூறு நாள் இயக்கத்தை நாங்கள் குறைத்து மதிப்பிடவில்லை. இருமலே இல்லாதவர்களிடமும் எக்ஸ்ரே மூலம் நோயைக் கண்டுபிடிக்க முடியும் என்பதை அது காட்டியது. அந்த எக்ஸ்ரே கருவி நூற்று ஒன்றாம் நாளும் தீவில் இருக்க வேண்டும் என்கிறோம்.

நோயாளியைத் தீவைவிட்டு அனுப்ப வேண்டியதில்லை

ஒரு காலத்தில் காசநோயாளியை வீட்டிலிருந்து பிரித்து வைப்பதே சிகிச்சையாக இருந்தது. தாம்பரம் சானடோரியம் 1928இல் அந்த நம்பிக்கையில்தான் எழுந்தது. 1956இல் சென்னை சேத்துப்பட்டில் தொடங்கிய காசநோய் ஆய்வு மையம் அதை மாற்றியது. வீட்டிலிருந்தபடியே மருந்து உட்கொண்ட ஏழை நோயாளிகள், சானடோரியத்தில் படுத்திருந்தவர்களுக்கு இணையாகக் குணமடைந்தனர். வீட்டில் சிகிச்சை பெற்றதால் குடும்பத்தினருக்குக் கூடுதலாக நோய் தொற்றவும் இல்லை. இந்தச் சென்னை ஆய்வு உலகெங்கும் சிகிச்சை முறையை மாற்றியது.

ஆனால் தெற்குத் தீவுகளில் நோய் முற்றியபின் போர்ட் பிளேருக்கு, இன்றைய ஸ்ரீ விஜயபுரத்துக்கு, கப்பலேறுவது இன்னும் நிற்கவில்லை. கிரேட் நிக்கோபாரின் கேம்ப்பெல் பே அங்கிருந்து 500 கிலோமீட்டருக்கும் அப்பால் இருக்கிறது. பருவமழைக் காலத்தில் கடல் கொந்தளித்தால் கப்பல் எப்போது வரும் என்று யாராலும் சொல்ல முடியாது. கச்சாலின் ரப்பர் தோட்டத்தில் குடியமர்த்தப்பட்ட, இலங்கையிலிருந்து தாயகம் திரும்பிய தமிழர்களானாலும், கூட்டுக் குடும்பமாக வாழும் நிக்கோபாரியரானாலும், நோயாளியோடு ஒருவர் துணைக்குப் போனால் வீட்டில் இரண்டு பேரின் உழைப்பு நின்றுவிடுகிறது. ஊர் திரும்பியபின் அக்கம்பக்கத்தாரின் விலகலையும் தாங்க வேண்டியிருக்கிறது. இந்தச் சுமைக்கு அஞ்சியே பலர் இருமலை மறைக்கிறார்கள். சிகிச்சை தீவிலேயே கிடைத்தால் மறைக்க வேண்டிய தேவை குறையும்.

வெளியிலிருந்து வருபவரின் பொறுப்பு

1858இல் அந்தமானில் தண்டனைக் குடியிருப்பு தொடங்கியபோது அங்கு வாழ்ந்த பெரும் அந்தமானியர் என்ற பழங்குடியினர் ஆயிரக்கணக்கில் இருந்தனர். 1901 கணக்கெடுப்பில் அவர்கள் 625 பேர், 1931இல் 90, 1961இல் 19. 1877இல் பரவிய தட்டம்மையும் மேகநோயும் பிற தொற்றுகளும் அவர்களை அழித்தன. அவை எல்லாம் கப்பலில் வந்தவர்களோடு வந்த நோய்கள்.

இன்று அதே ஆபத்து கிரேட் நிக்கோபாரில் இருக்கிறது. 2011 கணக்கெடுப்பின்படி அங்கு வாழும் ஷோம்பென் பழங்குடியினர் 229 பேர் மட்டுமே. 2022 நவம்பரில் சுற்றுச்சூழல் அனுமதி பெற்ற, துறைமுகமும் விமான நிலையமும் அடங்கிய பெருந்திட்டம் நடந்தால் அந்தத் தீவுக்குப் பெருந்திரளான தொழிலாளர்கள் வருவார்கள். திட்டம் வேண்டுமா வேண்டாமா என்ற கேள்வியை இந்த அறிக்கை எடுத்துக்கொள்ளவில்லை. ஆனால் காசநோய்ப் பரிசோதனை செய்யாமல் ஒரு தொழிலாளரைக்கூட அங்கே இறக்கக் கூடாது என்பதில் எங்களுக்கு இரண்டு கருத்து இல்லை.

நாங்கள் கோருவன

1. கார் நிக்கோபார், கமோர்ட்டா, கச்சால், தெரெசா, கேம்ப்பெல் பே ஆகிய இடங்களில் காசநோய்க் கிருமியைக் கண்டறியும் ட்ரூநாட் கருவியும் கையடக்க எக்ஸ்ரேயும் ஆண்டு முழுவதும் இயங்க வேண்டும். நம் நாட்டிலேயே தயாராகும் ட்ரூநாட் பேட்டரியில் ஓடும். அதை இயக்க நிரந்தரப் பணியாளரும், பரிசோதனைக்கான சிப்புகளின் தீர்ந்துபோகாத இருப்பும் வேண்டும்.

2. 2024 தொடக்கத்தில் நாட்டின் பல பகுதிகளில் காசநோய் மருந்துக்குத் தட்டுப்பாடு வந்தது. கடல் வழியாகவே எல்லாம் வரும் தீவுகளில் அது இன்னும் கடுமையாகத் தாக்கும். பருவமழைக்கு முன்பே குறைந்தது நான்கு மாத மருந்து தீவுகளில் சேர்ந்திருக்க வேண்டும்.

3. நோயாளிகளின் ஊட்டச்சத்துக்கான உதவித்தொகை 2024 நவம்பரில் மாதம் 1,000 ரூபாயாக உயர்ந்தது. அதை வரவேற்கிறோம். ஆனால் கப்பல் வராத வாரத்தில் பணம் இருந்தும் பருப்பு கிடைக்காது. நோயாளிக்கும் வீட்டாருக்கும் உணவுப் பொருளாகவே தர வேண்டும். நோயாளியின் வீட்டாருக்கு உணவுப் பொருள் தந்தபோது அவர்களிடம் புதிய காசநோய் 39 விழுக்காடு குறைந்ததை ஜார்க்கண்டில் நடந்த ஆய்வு 2023இல் நிறுவியது.

4. தமிழ்நாடு 2022இல் தொடங்கிய காசநோய் இறப்பில்லாத் திட்டத்தை இங்கும் கொண்டுவர வேண்டும். எடை, மூச்சின் வேகம், ஆக்சிஜன் அளவு, கால் வீக்கம், எழுந்து நிற்கும் வலு ஆகியவற்றைப் பார்த்தே ஆபத்தில் இருப்பவரைக் கண்டறிந்துவிடலாம். அவசரக் கப்பலோ ஹெலிகாப்டரோ முதலில் அவருக்கு வேண்டும்.

5. பழங்குடிக் காப்புப் பகுதிகளுக்குள் பணிக்காகச் செல்லும் ஒவ்வொருவருக்கும், கிரேட் நிக்கோபாருக்கு வரும் ஒவ்வொரு தொழிலாளருக்கும் காசநோய்ப் பரிசோதனை கட்டாயமாக வேண்டும். வெளியாரைத் தவிர்த்து வாழும் சென்டினலீஸ் பழங்குடியினரை நெருங்காதிருப்பதே அவர்களுக்கான பாதுகாப்பு.

6. 2004 ஆழிப்பேரலைக்குப் பின் கட்டிய தகரக் கூரை வீடுகளின் காற்றோட்டத்தைப் பொதுச் சுகாதார நோக்கில் ஆராய்ந்து, குறையிருந்தால் சரிசெய்ய வேண்டும்.

7. நிக்கோபாரிய இளைஞர்களைப் பயிற்றுவித்து ஊதியத்தோடு பணியமர்த்த வேண்டும். பழங்குடி மன்றங்களும் ஊர்த் தலைவர்களான கேப்டன்களும் திட்டமிடும் மேசையில் இடம்பெற வேண்டும்.

மக்கள்தொகை சிறியது என்ற வாதம்

சில ஆயிரம் பேர் வாழும் தீவுக்கு நிரந்தரச் செலவா என்று கேட்கப்படுகிறது. நாங்கள் இதை மறுதிசையில் பார்க்கிறோம். கடல் சூழ்ந்த சிறிய சமூகத்தில் ஒவ்வொரு வீட்டையும் அடைய முடியும். ஒருவர்கூட விடுபடாமல் சிகிச்சை தர முடியும். 2021இல் காசநோயற்றதாக முதலில் அறிவிக்கப்பட்ட பகுதிகளில் லட்சத்தீவும் ஒன்று. நிக்கோபாரிலும் அது கைகூடும்.

எங்கள் பங்குக்கு, இரண்டு வாரத்துக்கு மேல் இருமல் இருப்போரைப் பரிசோதனைக்கு அழைத்துச் செல்வோம். ஆறு மாதமும் மருந்து முடியும்வரை குடும்பத்தோடு நிற்போம். நோயின் பெயரால் யாரையும் ஒதுக்க அனுமதிக்க மாட்டோம். நிர்வாகம் தீவு வாரியான நோய்க் கணக்கை ஆண்டுதோறும் வெளியிட வேண்டும். மேற்சொன்ன பணிகளுக்கு ஆண்டு வரவு செலவுத் திட்டத்தில் நிரந்தர ஒதுக்கீடு செய்ய வேண்டும். ஒரு தீவு காசநோயற்றது என்று சான்றிதழ் பெற்ற பின்னும் அந்த ஒதுக்கீடு நிற்கக் கூடாது. 1986க்குப் பின் கார் நிக்கோபாருக்கு நேர்ந்தது இன்னொரு தலைமுறைக்கு நேராமலிருக்க இதுவே வழி.