ஒரு வீட்டுக் கடனுக்கு எத்தனை பேர்?

போன மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில் எங்கள் சங்கக் காரியாலயத்துக்கு ஒரு கணவன் மனைவி வந்தார்கள். இருவரும் தோட்டத்தில் பேர் பதிந்து வேலை செய்கிறவர்கள். பையில் கடன் விண்ணப்பம், ஆறு மாதச் சம்பளச் சீட்டு, இரண்டு பிணையாளர்களின் அடையாள அட்டைப் பிரதி எல்லாம் ஒழுங்காக அடுக்கி வைத்திருந்தார்கள். லயத்துக் காம்பராவை விட்டு வெளியேறி, தங்களுக்கென்று காட்டப்பட்ட 7 பேர்ச்சஸ் துண்டில் வீடு கட்டுவதற்கு 5 இலட்சம் ரூபா கடன் எடுக்கப் போகிறார்கள்.

"அண்ணே, இதுல மாசம் எவ்வளவு வெட்டுவாங்கன்னு பார்த்துச் சொல்லுங்க" என்றார் அவர்.

பார்த்தேன். 15 வீத வட்டி, 20 வருடம். மாதம் 6,584 ரூபா.

"அது எப்படியும் கட்டிரலாம்" என்று அந்தத் தங்கச்சி சொன்னார். முகத்தில் அப்படியொரு சந்தோஷம். மொத்தமாக எவ்வளவு கட்டி முடிப்போம் என்று இருவருமே கேட்கவில்லை. அவர்களைக் குறை சொல்ல எனக்கு வாயில்லை. பத்தொன்பது வருடத்துக்கு முன் நான் கடன் எடுத்தபோதும் அந்தக் கேள்வியைக் கேட்கவில்லை. எவ்வளவு வெட்டுவார்கள், மிச்சத்தில் அரிசி மாவுக்குக் காணுமா, அவ்வளவுதான் என் கணக்கு. சம்பளச் சீட்டைப் பார்த்தே வாழ்ந்து பழகிய நமக்கு எல்லாச் செலவும் மாத வெட்டாகத்தான் தெரியும்.

அன்று நாங்கள் மூவரும் கொப்பியில் போட்ட கணக்கைத்தான் இங்கே எழுதுகிறேன். 15 வீதம் என்பது உதாரணத்துக்கு. நீங்கள் போகும் வங்கியில் இதைவிடக் குறையலாம், கூடலாம். கணக்குப் போடும் முறை ஒன்றுதான்.

மாதம் 6,584 ரூபா, 240 மாதம். பெருக்கினால் 15 இலட்சத்து 80 ஆயிரம் ரூபா. எடுத்தது 5 இலட்சம். வட்டி மட்டும் 10 இலட்சத்து 80 ஆயிரம். இந்தத் தொகையைச் சொன்னபோது அவர்கள் பெரிதாக அசையவில்லை. இலட்சக் கணக்கு நம் கைக்கு வராத கணக்கு. அதனால் அதைப் பேராக மாற்றினோம். 2024 செப்டம்பரில் நிர்ணயமான அடிப்படை நாட்சம்பளம் 1,350 ரூபா. அதால் வட்டியைப் பிரித்தால் 800 பேர். மாதம் 25 பேர் போட்டால் 32 மாதம். அதாவது ஒரு ஆள் இரண்டு வருடமும் எட்டு மாதமும், மழையிலும் அட்டைக் கடியிலும் மலை ஏறிச் சம்பாதிப்பது முழுக்க வட்டிக்கே போகும். ஒரு மூட்டை சீமெந்து கூட அதில் வராது.

அந்தத் தங்கச்சி பேனாவை வாங்கி "800" என்ற இலக்கத்தைச் சுற்றி வட்டம் போட்டார்.

அதே 5 இலட்சத்தை 15 வருடத்துக்கு எடுத்தால் மாதம் 6,998 ரூபா, வட்டிக்கு 563 பேர். 10 வருடத்துக்கு எடுத்தால் மாதம் 8,067 ரூபா, வட்டிக்கு 347 பேர். 15 வருடத்தை 20 ஆக நீட்டுவதால் மாதத்தில் மிச்சமாவது 414 ரூபாதான். அந்த 414 ரூபாவுக்காக முடிவில் கூடக் கட்டுவது 3 இலட்சத்து 20 ஆயிரம் ரூபாவுக்கு மேல். "காலத்தைக் கூட்டித் தருகிறோம், தவணை இலேசாக இருக்கும்" என்று ஒருவர் அன்பாகச் சொல்லும்போது அந்த அன்பின் விலை இதுதான்.

இன்னொன்றையும் விளங்கிக்கொள்ள வேண்டும். ஆரம்ப வருடங்களில் நாம் கட்டுவது பெரும்பாலும் வட்டிதான். 15 வருடக் கடனில் முதல் மாதம் கட்டும் 6,998 ரூபாவில் 6,250 ரூபா வட்டிக்கே போகிறது. முதலில் குறைவது 748 ரூபா. ஐந்து வருடம் ஒரு மாதம் தவறாமல் கட்டியிருப்பீர்கள். கைவிட்டுப் போனது 4 இலட்சத்து 20 ஆயிரம். ஆனால் வங்கியில் கேட்டால் இன்னும் 4 இலட்சத்து 34 ஆயிரம் பாக்கி என்பார்கள். பலர் இதைப் பார்த்து வங்கி ஏமாற்றுகிறது என்று சங்கத்துக்கு ஓடி வருகிறார்கள். ஏமாற்று இல்லை, கடன் அப்படித்தான் வேலை செய்கிறது. முதல் நாளே யாரும் தமிழில் சொல்லித் தரவில்லை என்பதுதான் குறை.

இதே விஷயம் நமக்குச் சாதகமாகவும் திரும்பும். அந்த 15 வருடக் கடனில் முதல் மாதத்திலிருந்தே 1,000 ரூபா கூட்டிக் கட்டினால் கடன் 10 வருடம் 3 மாதத்தில் முடிந்துவிடும். மிச்சமாவது ஏறத்தாழ 2 இலட்சத்து 80 ஆயிரம். ஆனால் கூடக் கட்டும் பணத்தை முதலில் கழிக்கிறார்களா, அதற்குத் தண்டப்பணம் ஏதும் அறவிடுகிறார்களா என்பதை ஒப்பமிடும் முன் கேட்டு எழுத்தில் வாங்க வேண்டும்.

வட்டி வீதம் நிலையானதா, மாறுவதா என்பதையும் கேளுங்கள். 2022 ஏப்ரலில் மத்திய வங்கி கொள்கை வட்டி வீதங்களை ஒரே நாளில் 7 சதவீதப் புள்ளிகள் உயர்த்தியது. டொலர், எரிபொருள் வரிசை, பசளை என்று நாடே தடுமாறிய அந்த நேரத்தில் என் மச்சானுக்கு ஒரு கடிதம் வந்தது. ஆங்கிலக் கடிதம். பாடசாலை மாஸ்டரிடம் கொடுத்து வாசித்தபிறகுதான் தன் கடனின் வட்டி மாறும் வட்டி என்பதே அவருக்குத் தெரியும். 12 வீதத்தில் 5 இலட்சம், 15 வருடம் என்றால் தவணை 6,001 ரூபா. வட்டி 20 வீதமானால் ஒரு மாத வட்டி மட்டுமே 8,333 ரூபா. பழைய தவணையைத் தவறாமல் கட்டினாலும் கடன் வளரும். கட்டக் கட்ட வளரும் கடனை மச்சான் அந்த வருடம்தான் முதன்முதலாகப் பார்த்தார்.

இனி நம் மலையகத்துக்கே உரிய விஷயத்துக்கு வருகிறேன். வேறு ஊர்களில் வீட்டுக் கடன் என்றால் காணியையும் வீட்டையும் ஈடு வைப்பார்கள். நமக்கு ஈடு வைக்க எது இருக்கிறது? தோட்டக் காணி அரசுக்குச் சொந்தம், 1992 முதல் நிர்வாகம் கம்பனிகளின் கையில். இருநூறு வருடம் அந்த மண்ணில் பாடுபட்டவர்களில் பெரும்பாலானோரின் கையில் காணி உறுதி இல்லை. ஆகவே நம்மிடம் ஈடாக வாங்குவது நம் சம்பளத்தை, பக்கத்துக் காம்பராக்காரரின் கையொப்பத்தை, நம் ஊழியர் சேமலாப நிதியை. கடன் தவறினால் வங்கிக்காரர் வீட்டை எடுக்க வரமாட்டார். பிணை நின்றவரின் சம்பளத்தில் கைவைப்பார். பிறகு லயத்தில் இரண்டு குடும்பம் பேச்சுவார்த்தை இல்லாமல் போகும். தண்ணீர்ப் பீலியில் கூட முகம் பார்க்க மாட்டார்கள். இந்தச் செலவை எந்த வட்டி அட்டவணையும் காட்டாது. பிணைக்கு ஒருவரைக் கேட்கப் போகும்போது மாதத் தவணையைச் சொல்லாமல் மொத்தத் தொகையைச் சொல்லிக் கேட்பதுதான் நியாயம்.

கடனை முழுக்கக் கட்டி முடித்தும் உறுதி கைக்கு வராமல் காத்திருக்கும் குடும்பங்களை நம் தோட்டங்களில் எல்லோருக்கும் தெரியும். அதனால்தான் என் கருத்து இது: காணி யார் பெயரில், எந்த அளவில், என்ன பத்திரத்தில் வரப்போகிறது என்பது எழுத்தில் இல்லாமல் 15, 20 வருடக் கடனுக்குக் கையொப்பம் வைக்காதீர்கள். "துரை வாயால் சொன்னார்" என்பது பத்திரம் ஆகாது. துரை மாறிப் போவார், கடன் மாறாது.

சேமலாப நிதி விஷயத்தில் என் எண்ணம் மாறியிருக்கிறது என்பதையும் ஒப்புக்கொள்கிறேன். "அது வயதான காலத்துச் சோறு, தொடாதீர்கள்" என்று எத்தனையோ கோயில் முற்றத்துக் கூட்டங்களில் பேசியவன் நான். சங்கத்தில் சில தோழர்கள் இன்றும் அதே கருத்தில் இருக்கிறார்கள். ஆனால் கணக்கைப் பாருங்கள். நிதி அங்கத்தவருக்குக் கொடுத்த வட்டி 2022 இல் 9 வீதம், 2023 இல் 13, 2024 இல் 11. வெளியில் 15 வீதத்துக்குக் கடன் வாங்கிக்கொண்டு, நம் சொந்தப் பணத்தை 11 வீதத்துக்கு விட்டு வைப்பது நட்டம்தானே. 10 வருடத்துக்கு மேல் பங்களிப்புச் செய்து, கணக்கில் குறைந்தது 3 இலட்சம் ரூபா உள்ளவர்கள் 30 வீதம் வரை வீட்டுத் தேவைக்கு எடுக்க வழி இருக்கிறது. கடன் வட்டி நிதியின் வட்டியைவிடக் கூடுதலாக இருக்கும்வரை முதலில் அதை எடுத்து, பற்றாததற்கு மட்டும் கடன் வாங்குவதே மலிவு.

மலிவு என்றுதான் சொன்னேன், இலவசம் என்று சொல்லவில்லை. 35 வயதில் ஒரு பெண் தொழிலாளி ஒன்றரை இலட்சம் எடுத்தால், 9 வீதமாக வளர்ந்திருந்தால் 50 வயதில் அது 5 இலட்சத்து 46 ஆயிரமாக இருந்திருக்கும். அன்றைய காசின் பெறுமதி குறைந்திருக்கும் என்பது சரி, இருந்தாலும் பெரிய தொகை. அந்தப் பணத்தின் ஒவ்வொரு சதமும் அத்திவாரத்திலும் கூரையிலும் போக வேண்டும். சாமத்திய வீட்டுக்கோ மோட்டார் சைக்கிளுக்கோ திரும்பினால் கணக்குப் பிழைத்துவிடும். நிதியைப் பிணையாகக் காட்டி எடுக்கும் கடன் வேறு விஷயம். அதில் தவணை தவறினால் நிதியிலிருந்தே கழித்து எடுப்பார்கள். அதை நன்றாக விளங்கிக்கொண்டு இறங்குங்கள். எதற்கும் முதலில் உங்கள் கணக்கில் தோட்டம் ஒழுங்காகப் பணம் கட்டியிருக்கிறதா, அடையாள அட்டையில் உள்ள பெயரும் நிதியில் உள்ள பெயரும் ஒன்றா என்று பாருங்கள். "இராமாயி" ஒரு இடத்தில் "ராமாய்" ஆகி, ஒரு எழுத்துக்காகத் தொழில் காரியாலயத்துக்கு அலைந்தவர்கள் நம்மிடையே ஏராளம்.

வீடு பாதியில் நிற்கும்போதுதான் பெரிய ஆபத்து வருகிறது. சீமெந்தும் மணலும் பாதை வரை லொறியில் வரும், அதற்கு மேல் தலையிலும் தோளிலும்தான். ஏற்றுக்கூலி எந்த மதிப்பீட்டிலும் இருக்காது. சுவர் எழும்பிவிடும், தகரத்துக்குக் காசு இருக்காது. அந்த நேரம் பார்த்து நுண்கடன்காரர் லயத்து வாசலுக்கே வருவார். "10 வீதம்தான் அக்கா" என்பார். 2 இலட்சம், 5 வருடம், மாதம் 5,000 ரூபா. வங்கிபோலக் குறைந்துவரும் மீதிக்கு 10 வீதம் என்றால் மாதம் 4,249 ரூபாதான் வர வேண்டும். இவர் நீங்கள் கட்டி முடித்த முதலுக்கும் சேர்த்துக் கடைசி மாதம்வரை வட்டி எடுக்கிறார். வங்கிக் கணக்கில் சொன்னால் அது 17 வீதத்துக்கு மேல். ஆகவே வட்டி எத்தனை வீதம் என்று கேட்டு நிறுத்தாமல், மீதிக்கா முழுத் தொகைக்கா என்றும் கேளுங்கள்.

சங்கத்துக்கும் இதில் வேலை இருக்கிறது. சம்பளத்தில் வீட்டுக் கடன் வெட்டப்படும் ஒவ்வொருவருக்கும் வருடத்துக்கு ஒருமுறை எவ்வளவு கட்டினார், எவ்வளவு பாக்கி என்ற கூற்று தமிழில் கிடைக்க வேண்டும். கடன் பத்திரமும் தமிழில் வேண்டும். வேலை குறைத்துப் பேர் கொடுக்கும் மாதங்களில் தவணைக்கு என்ன ஏற்பாடு என்று நிர்வாகத்திடம் கேட்க வேண்டும். கடனாளி இறந்துவிட்டால் மீதியை அடைக்கும் காப்புறுதி இருக்கிறதா, அதன் பணம் கடனில் சேர்ந்திருக்கிறதா என்பதையும் தோட்டத் தலைவர், தலைவிமார் விசாரித்து வைக்க வேண்டும். சம்பள உயர்வுக்கு இவ்வளவு குரல் கொடுக்கிறோம். உயர்ந்த சம்பளம் எந்த வழியாக வெளியே போகிறது என்பதிலும் அதே அளவு கண் வைக்க வேண்டும் என்பது என் வாதம்.

அன்று வந்தவர்களின் கணக்கு கடைசியில் இப்படி முடிந்தது. அந்தத் தங்கச்சியின் சேமலாப நிதியில் 5 இலட்சம் அளவில் இருக்கிறது. 30 வீதமாக ஒன்றரை இலட்சம் எடுத்தால் கடன் மூன்றரை இலட்சம் போதும். 10 வருடம், மாதம் 5,647 ரூபா. முதலில் கொண்டுவந்த 6,584 ரூபாவைவிடக் குறைவு, முடிவதும் பத்து வருடம் முந்தி. வட்டிக்கு 243 பேர். இருவரும் அந்தக் கொப்பித் தாளைக் கிழித்து மடித்து எடுத்துக்கொண்டார்கள்.

ஆனால் நிதியில் பணம் எடுப்பதற்கும் காணி பற்றிய பத்திரம் கேட்பார்கள். தோட்டக் காரியாலயத்தில் எழுதிக் கொடுத்திருக்கிறோம், கடிதம் கிடைத்ததும் அடுத்த ஞாயிறு வருகிறோம் என்று சொல்லிப் போனார்கள். மூன்று ஞாயிறு போய்விட்டது. அவர்களுக்குக் கடிதம் இன்னும் கிடைக்கவில்லை.