மாண்டதெனக் கைவிடப்படும் டேப்லெட்டுகள்

விசையை எத்துணை நேரம் அழுத்தினும் திரை ஒளிராத டேப்லெட்டைச் ‘செத்துவிட்டது’ என்று மூலையில் போடுவது இன்று வழக்கமாகிவிட்டது. பழுது பார்க்கும் நிலையங்களிற் பலவும் இதற்கு ஒரே விடை வைத்திருக்கின்றன: உள்ளிருக்கும் மதர்போர்டையே மாற்றவேண்டும், அந்த விலைக்குப் புதிய கருவியே வாங்கிவிடலாம். இவ்விடை பெரும்பாலும் சோதனையின் முடிவன்று. சோதனை செய்யாமையின் முடிவேயாகும்.

முதலில் ஐயுறவேண்டியது மின்கலத்தை. லிதியம் அயனிக் கலத்தின் இயல்பான மின்னழுத்தம் சுமார் 3.7 வோல்ட். மாதக்கணக்கில் பெட்டிக்குள் கிடந்த கருவியில் அது 2.5 வோல்ட் அளவுக்குக் கீழே இறங்குமாயின், கலத்தோடிணைந்த காப்புச் சுற்று இணைப்பைத் துண்டித்துவிடும். கருவி ஊமையாகிவிடும், ஆனால் அதன் மூளைக்கு ஒரு தீங்கும் நேர்ந்திராது. ஒரு மல்டிமீட்டரும் சிறிது பொறுமையும் இதனைக் கண்டறியப் போதுமானவை. உப்பிய கலத்தை மட்டும் உயிர்ப்பிக்க முயலாது மாற்றிவிடுதலே அறிவுடைமை.

மின்சாரம் சரியாக வந்தும் திரை இருண்டே கிடந்தால், பழுது வேறிடத்தில் உள்ளது எனலாம். செயலிக்குள்ளேயே அழிக்கவியலாதவாறு பொறிக்கப்பட்ட ஒரு சிறு நிரல் உண்டு. அதனைப் பூட் ரோம் என்பர். மின்சாரம் பாய்ந்தவுடன் முதலில் விழிப்பது அதுவே. அடுத்து இயங்கவேண்டிய பூட்லோடரை அது நினைவகத்தில் தேடும். அந்தப் பகுதி சிதைந்திருப்பின், பல செயலிகளில் யூஎஸ்பி வாயிலில் வெளியாணைக்குக் காத்திருக்கும். இவ்வாறு காத்திருக்கும் கருவியை மாண்டதென்று எவ்வாறு சொல்வது? சிதைந்த பூட்லோடர் பாதி இயங்கித் தடைசெய்யுமாயின், தொழிலறிந்தோர் மூடியைக் கழற்றி, அதற்கென அமைந்த சோதனைப் புள்ளியைக் கணநேரம் கிரவுண்டோடு இணைத்துச் செயலியை அந்த நிலைக்குத் திருப்புவர். பின்னர் ஒரு சிறு நிரல் செயலியின் உள் நினைவகத்தில் ஏற்றப்படும்; அது பிரதான நினைவகத்தைத் திரும்ப எழுதும்.

இவ்வாயில் திறந்திருக்கிறதா, பூட்டப்பட்டிருக்கிறதா என்பதே கருவியின் ஆயுளைத் தீர்மானிக்கிறது. 2012 நவம்பரில் நம் நாட்டு மாணவர்க்கென வெளியிடப்பட்ட ‘ஆகாஷ் 2’ கருவியில் ஆல்வின்னர் ஏ13 என்னும் செயலி அமைந்திருந்தது. அதன் எஃப்.ஈ.எல். என்னும் மீட்பு நிலை திறவுகோல் எதனையும் கேட்பதில்லை; தன்னார்வலர் இயற்றிய கருவிநிரல்களும் அதற்குக் கிடைக்கின்றன. மலிவான செயலிதான், ஆயினும் இவ்விஷயத்தில் அது பெருந்தன்மையுடையது.

அதே ஆண்டில் வெளிவந்த நெக்ஸஸ் 7 கருவியின் கதை வேறு. அதன் டெக்ரா 3 செயலியிலும் ஏ.பி.எக்ஸ். என்னும் மீட்பு நிலை இருந்தது. ஆனால் கருவிக்குக் கருவி மாறுபடும் இரகசியத் திறவுகோல் இன்றி அது பணியாது. முன்கூட்டியே உரிய கோப்பைச் சேமித்து வைத்தோர் தப்பினர். மற்றவர்க்கோ நல்ல திரையும் நல்ல மின்கலமும் வெறும் கண்ணாடித் துண்டுகளாயின. 2018 ஏப்ரலில் டெக்ரா செயலிகளின் பூட் ரோமில் ஒரு பாதுகாப்புக் குறை வெளியிடப்பட்டது. அதன் வழியே திறவுகோலை எடுக்க முடியுமென்று அறிந்த பின்னரே, பல ஆண்டுகள் உறங்கிய அக்கருவிகள் சில விழித்தன. உடையவன் தன் பொருளை மீட்கத் திருடனின் வழியை நாடவேண்டியிருந்தது என்பது வேடிக்கையன்றோ!

பூட்டு வேண்டாமென்பது இதன் கருத்தன்று. களவுபோன கருவியில் உள்ள தகவல்களைக் காக்க அது இன்றியமையாதது. எனினும் தகவலைக் காக்கும் பூட்டு வேறு, கருவியையே புதைக்கும் பூட்டு வேறு. தகவல் முழுவதையும் அழித்துவிட்டு, தயாரிப்பாளர் கையொப்பமிட்ட மூல நிரலை மட்டும் ஏற்கும் மீட்பு வாயிலை அமைப்பதில் தொழில்நுட்பத் தடை ஏதும் இல்லை.

ஐரோப்பிய ஒன்றியத்தில் 2025 ஜூன் 20 முதல், டேப்லெட்டுகளுக்கு உதிரி உறுப்புகளைப் பல ஆண்டுகள் வழங்கவேண்டும் என்ற விதி நடைமுறைக்கு வந்தது. இந்தியாவிலும் பழுதுநீக்கத் தகுதிக் குறியீட்டை வகுக்க 2024 இல் நுகர்வோர் விவகாரத் துறை ஒரு குழுவை அமைத்தது. மின்கலம், திரை போன்ற உறுப்புகள் எளிதில் கிட்டுவதற்கு மதிப்பெண் தருவது முறையே. ஆனால் மாற்ற வேண்டிய உறுப்பு ஒன்றும் இல்லாமலேயே ஒரு கருவி இறந்துகிடக்கக்கூடும். சோதனைப் புள்ளிகளின் வரைபடத்தையும் மூல நிரலையும் வெளியிடும் தயாரிப்பாளர்க்கு அக்குறியீட்டில் தனி மதிப்பெண் ஒதுக்கப்படுதல் வேண்டும். தொழிற்பயிற்சி நிலையங்களின் பாடத்திலும் மல்டிமீட்டருக்கு அடுத்ததாகப் பூட் ரோம் இடம்பெறுதல் வேண்டும்.